ஆச்சுன்னு சொன்னாரு

எங்கள் பக்கத்தில் 'ஆச்சு' என்ற சொல்லுக்கு ஒரே அர்த்தம் கிடையாது. சமையல் ஆச்சா என்று கேட்டு, 'ஆச்சு' என்று பதில் வந்தால் இலை போடலாம். 'தோ ஆச்சு' என்றால் உலை கொதிக்கிறது. 'ஆச்சு ஆச்சு' என்று இரண்டு தடவை வந்தால் இன்னும் அரிசியே களையவில்லை. காரைக்காலில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு இதில் குழப்பமே வராது, குரலை வைத்தே கண்டுபிடித்துவிடுவோம். எனக்கும் அந்தச் சாமர்த்தியம் உண்டு என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன், ஃபைபர் படகு செய்கிற யார்டில் மேனேஜராகச் சேரும் வரைக்கும்.

சுனாமிக்கு அடுத்த வருஷம் அது. எனக்கு ஊர் நிரவிப் பக்கம். அப்பா விவசாயம், நான் பாலிடெக்னிக்கில் டிப்ளமா. கடலைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் பீச்சில் சுண்டல் தின்றதுதான். ஆனால் அந்த வருஷம் யார் யாரோ நிவாரணப் படகு கொடுத்தார்கள், அவசர அவசரமாகச் செய்து கொடுத்த படகில் பாதி ஆறே மாதத்தில் வாயைப் பிளந்தது. அத்தனையும் ரிப்பேருக்கு வந்தன. அரசலாற்றங்கரையில் இருந்த எங்கள் யார்டில் மணலில் கால் வைக்க இடமில்லாமல் படகு கிடக்கும். முதலாளிக்கு நாகப்பட்டினத்தில் வேறு தொழில் இருந்தது. வியாழக்கிழமை மட்டும் வருவார். மற்ற நாளெல்லாம் பொறுப்பு என்னுடையது. இருபத்தாறு வயதில் ஸ்கூட்டியில் வந்து இறங்குகிற ஒரு பெண், கீழே எட்டு ஆண்கள்.

அந்த எட்டுப் பேரில் மூத்தவரைத்தான் யார்டில் எல்லோரும் அண்ணன் என்போம். வயது நாற்பத்தைந்து இருக்கும். கடலோர ஊர், பரம்பரையாகத் தொழிலுக்குப் போன குடும்பம். இடுப்பு வலி வந்து கடலை விட்டுவிட்டு யார்டுக்கு வந்தவர், பத்து வருஷமாக அங்கேயே இருந்தார். காலையில் நான் வருவதற்கு முன்னாலேயே வாசலில் தண்ணீர் தெளித்து, சாமி படத்துக்குக் கற்பூரம் காட்டி, அன்றைக்குத் திறக்கப்போகிற ரெசின் டின்னுக்கும் ஒரு சந்தனப் பொட்டு வைத்திருப்பார். எல்லோர் வீட்டுப் பிள்ளைகளின் பரீட்சையும் அவருக்கு ஞாபகம் இருக்கும். யாருக்காவது காய்ச்சல் என்றால் அவர்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போவார். எங்கள் அப்பாவுக்கு மூட்டு வலி என்று ஒரு தடவை வாய் தவறிச் சொல்லிவிட்டேன். மறுநாள் ஏதோ தைலம் வந்துவிட்டது. அவர் மேல் குறை சொல்ல யாருக்கு வாய் வரும்?

எனக்கு வந்தது. ஏனென்றால் அந்த மனுஷனுக்கு வேலை வரவில்லை.

ஃபைபர் வேலை ஒன்றும் மந்திரமில்லை. வெடித்த இடத்தைத் தேய்த்து எடுக்க வேண்டும், கண்ணாடி இழையில் செய்த 'மேட்டு' என்கிற விரிப்பை வெட்டி வைக்க வேண்டும், ரெசின் பசையில் அதை இறுக வைக்கிற ஹார்ட்னரை அளந்து கலந்து அதன் மேல் பூச வேண்டும். உருளையால் உருட்டிக் காற்றை வெளியே தள்ள வேண்டும். ஒன்று பிடித்த பிறகு அடுத்தது, இப்படி நாலு மேட்டு. ஹார்ட்னர் அதிகமானால் சூடாகி வெடிக்கும், குறைந்தால் பிசுபிசு என்று காயாமலே கிடக்கும். மழைக்காலத்தில் இன்னும் கவனம் வேண்டும். அண்ணன் அளக்க மாட்டார். கண்ணால் பார்த்து ஊற்றுவார். உருட்டும்போது பாதியில் யாராவது கூப்பிட்டால் போய்விடுவார், திரும்பி வருவதற்குள் உள்ளே குமிழ் குமிழாகக் காற்று நிற்கும். ஒரு வருஷத்தில் மூன்று படகு திரும்பி வந்தது, மூன்றும் அவர் கை. அவர் செய்ததைப் பிரித்து மறுபடி செய்வதற்கென்றே நான் இன்னொரு ஆளை வைத்திருந்தேன் என்று சொன்னால் சிரிப்பீர்கள். எனக்கு அழுகை வரும்.

வேலை தெரிந்தவர்கள் தங்கவும் மாட்டார்கள். கை நன்றாகப் படிந்ததும் ஒருத்தன் கேரளாவுக்குப் போனான், ஒருத்தன் துபாய்க்கு. அண்ணனையும் பக்கத்து யார்டில் கூப்பிட்டார்கள்தான். "நான் எங்கேங்க போறது, இது நம்ம எடம்" என்று என்னிடமே வந்து பெருமையாகச் சொன்னார். நான் பல்லைக் கடித்துக்கொண்டு, "ரொம்ப சந்தோஷம்ணே" என்றேன். போகக்கூடாதவனெல்லாம் போகிறான், போனால் தேவலை என்கிறவர் மட்டும் நம்ம இடம் என்கிறார். என் தலையெழுத்து.

இதில் இன்னொரு கொடுமை, அவரைத் திட்டவும் முடியாது. மற்ற பையன்களை "என்னடா இது" என்று ஒரு போடு போட்டால் வேலை நடக்கும். அண்ணனை வாங்க போங்க என்றுதான் கூப்பிடுவேன், வயதில் மூத்தவர், வேறெப்படிக் கூப்பிடுவது? அந்த 'ங்க' இருக்கிறதே, அதைப் போட்டுக்கொண்டு ஒரு மனுஷனைத் திட்டிப் பாருங்கள். "என்னங்கண்ணே இப்படிப் பண்ணிட்டீங்க" என்று நான் கோபமாகச் சொன்னால், உடம்புக்கு என்ன என்று விசாரிக்கிற மாதிரி இருக்கும். அவரும் அப்படித்தான் எடுத்துக்கொள்வார்.

ஒரு நாள் வழியெல்லாம் ஸ்கூட்டியில் பேசிப் பேசிப் பழகிக்கொண்டு போனேன். இன்றைக்கு ஒரு முடிவு கட்டிவிட வேண்டும் என்று அவரை ஆபீஸ் அறைக்குக் கூப்பிட்டு உட்காரச் சொன்னேன். உட்காரவில்லை. நின்றுகொண்டே கேட்டார். மூன்று படகையும் சொன்னேன், ரெசின் வீணானதைச் சொன்னேன். உங்களால் யார்டு பேரே கெடுகிறது என்ற வார்த்தையையும் சொல்லிவிட்டேன்.

"நீங்க சொல்றது நூத்துக்கு நூறு சரிங்க. நானா இருந்தா இதுக்கு மேலயே பேசியிருப்பேன்" என்றார். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, "காலையில சாப்பிடாம வந்துட்டீங்களா?" என்று கேட்டு, வெளியே போய் இரண்டு இட்லி வாங்கிவந்தார். நான் அந்த இட்லியைச் சாப்பிட்டேன். வேறு என்ன செய்வது? அன்று மத்தியானமே இன்னொரு படகில் ஹார்ட்னரைக் கண்ணால் அளந்து ஊற்றிக்கொண்டிருந்தார்.

வேலையை மாற்றிப் பார்த்தேன். ஸ்டோர் சாவியைக் கொடுத்தேன். அவர் ஊர்க்காரர்கள் வந்து, மீன் பெட்டி ஓட்டையாகிவிட்டது, கொஞ்சம் ரெசின் கொடு என்றால் கொடுத்துவிடுவார். கேட்டால், "கொஞ்சம்தானேங்க, பாவம்" என்பார். சாவியை வாங்கிக்கொண்டு சூப்பர்வைசர் ஆக்கினேன். மழை இருட்டினால் போதும், "போங்கடா, நனைஞ்சுகிட்டுப் போகாதீங்க" என்று எல்லோரையும் நாலு மணிக்கே வீட்டுக்கு அனுப்பிவிடுவார். பசங்களுக்கு ஒரே கொண்டாட்டம். கடைசியில் மறுபடி மேட்டு ஒட்டுகிற வேலைக்கே கொண்டுவந்தேன். எங்கே வைத்தாலும் மனுஷன் சந்தோஷமாக இருந்தார், எனக்குத்தான் ரத்தக்கொதிப்பு வராத குறை.

முதலாளியிடம் வியாழக்கிழமை தவறாமல் சொல்வேன். இவரை வைத்துக்கொண்டு என்னால் முடியாது என்பேன். முதலாளி ஒவ்வொரு தடவையும் சுனாமிக் கதைக்குப் போய்விடுவார். யார்டில் இருந்த பெரிய மோல்டை, படகு வார்க்கிற அந்த அச்சை, தண்ணீர் அடித்துக்கொண்டு போய்விட்டது. முதலாளியே எல்லாம் போயிற்று என்று வீட்டில் படுத்துவிட்டார். மூன்றாம் நாள் அண்ணன்தான் கரையெல்லாம் நடந்து தேடி, கருவேலங்காட்டில் செருகிக்கிடந்த மோல்டைக் கண்டுபிடித்து, நாலு பேரைக் கூட்டிக்கொண்டு தூக்கி வந்தார். அவர் வீட்டுக்கே அப்போது கூரை இல்லை. "அது இல்லன்னா இந்த யார்டு ஏதும்மா? உன் வேலை ஏது?" என்பார் முதலாளி. அதற்கு மேல் நான் என்ன பேசுவது? மோல்டைத் தூக்கி வந்த கையால் நாலு மேட்டை ஒழுங்காக ஒட்டக்கூடாதா என்று மனசுக்குள் கேட்டுக்கொள்வேன். இரண்டு வருஷம் நான் பட்டபாடு இதுதான். அவரை வேலை செய்ய வைக்க வேண்டும், இல்லையா, அனுப்ப வேண்டும். இரண்டும் நடக்கவில்லை.

கடைசியில் நானே ஒரு வழி கண்டுபிடித்தேன். வாசல் பலகையில் பெரிய எழுத்தில் எழுதி வைத்தேன்: கை வைத்துப் பார்க்காமல் எந்தப் படகும் வெளியே போகாது. கை என்றால் என் கை. ஒவ்வொரு படகுக்கும் அடியில் குனிந்து, ஒட்டின இடத்தை நகத்தால் சுரண்டி, தட்டிச் சத்தம் கேட்டு, பிறகுதான் அனுப்புவேன். அண்ணன் "ஆச்சுங்க" என்பார். நான் போய்ப் பார்ப்பேன். ஆகியிருக்காது. பத்துக்கு ஆறு தடவை ஆகியிருக்காது. முதலாளி அதையும் பாராட்டினார். நான் அவருடைய வேலையையும் சேர்த்துச் செய்துகொண்டிருக்கிறேன் என்பது அவருக்கு உறைக்கவே இல்லை.

அது கார்த்திகை மாதம், ஒரு சனிக்கிழமை. ஒரு வாரம் விடாமல் பெய்து அன்றுதான் வெயில் எட்டிப் பார்த்தது. அண்ணனின் ஊர்க்காரர் ஒருவரின் படகு வந்திருந்தது, இன்ஜின் உட்காருகிற பின்பக்கத்தில் அடியில் ஒரு சாண் நீளத்துக்கு வெடிப்பு. திங்கட்கிழமை தருவதாகப் பேச்சு. காலையிலிருந்து அண்ணன்தான் அதில் வேலை பார்த்தார். பன்னிரண்டு மணிக்கு வேட்டியை மாற்றிக்கொண்டு வந்து நின்றார். சொந்தத்தில் காதுகுத்து, போக வேண்டும்.

"அந்தப் படகு ஆச்சாண்ணே?"

"ஆச்சுங்க" என்றார், சைக்கிளில் ஏறிக்கொண்டே.

நாலு மணிக்குப் படகுக்காரரே வந்துவிட்டார், கூட அவர் தம்பியும் மச்சானும். மழை விட்டதும் மத்தி நன்றாக விழுகிறதாம், பக்கத்து ஊர்க் கிளிஞ்சல்மேட்டுப் படகெல்லாம் நிறைந்து வருகிறதாம். பத்து நாளாகக் கரையில் கிடக்கிறோம், ஆகிவிட்டதென்றால் இப்போதே ஆற்றில் தள்ளிக்கொண்டு போகிறோம் என்றார். பத்து நாள் தொழிலுக்குப் போகாத வீடு எப்படி இருக்கும் என்று அவர் முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது.

இப்போது நான் சொல்லப்போவதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. படகு என் அறையிலிருந்து இருபது அடியில் இருந்தது. எழுந்து போய்க் குனிந்து கை வைத்திருந்தால் ஒரு நிமிஷ வேலை. நான் எழுந்திருக்கவில்லை. மறந்து போனதல்ல. அன்று காலையிலிருந்து ஐந்து படகுக்கு அடியில் குனிந்திருந்தேன், முதுகு விட்டுப்போயிருந்தது, அதுவும் காரணமில்லை. ஆகியிருக்காது என்று எனக்கு ஒரு பக்கம் தோன்றிவிட்டது. தோன்றியதும் கூடவே இன்னொன்றும் தோன்றியது. மாட்டட்டும். ஒரே ஒரு தடவை மாட்டட்டும். ஊர்க்காரனே திரும்பி வந்து முதலாளி முன்னால் நின்று கத்தட்டும், எத்தனை நாளைக்கு நான் பின்னாலேயே போய்த் துடைத்துக்கொண்டிருப்பது? ஆற்றில் தள்ளும்போதே கசியும், பார்த்துவிட்டுத் திரும்புவார்கள், அவ்வளவுதானே என்று நினைத்தேன்.

"ஆச்சுன்னு சொன்னாரு. எடுத்துக்கிட்டுப் போங்க" என்றேன்.

ஆற்றில் கசியவில்லை. மறுநாள் விடிகாலை கடலுக்குப் போய், இன்ஜின் ஓடி அதிர அதிர, ஒட்டின இடம் மொத்தமாக உரிந்துவிட்டது. பத்து மணிக்கு வீட்டுக்குப் போன் வந்தது. நான் அப்போது எண்ணெய் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். படகு முழுகவில்லை, தண்ணீர் ரொம்பிக் கவிழ்ந்து மிதந்திருக்கிறது. மூன்று பேரும் அதைப் பிடித்துக்கொண்டு தொங்கியிருக்கிறார்கள், வேறு படகுக்காரர்கள் பார்த்துத் தூக்கியிருக்கிறார்கள். வலை போய்விட்டது, இன்ஜின் உப்புத்தண்ணீரில் ஊறிவிட்டது. தம்பிக்காரன் தண்ணீர் குடித்துப் பேச்சுமூச்சில்லாமல் ஆஸ்பத்திரியில் கிடந்தான். இரண்டு நாள் கழித்துத்தான் கண் திறந்து பேசினான். அந்த இரண்டு நாளும் எனக்குச் சோறு இறங்கவில்லை. அவனுக்குப் போன மாதம்தான் குழந்தை பிறந்திருந்தது என்று வேறு யாரோ சொன்னார்கள்.

போன் வந்த அன்று மத்தியானம் அண்ணனை ஆஸ்பத்திரி வாசலில்தான் பார்த்தேன். காதுகுத்துக்குக் கட்டின அதே வேட்டி. என்னைப் பார்த்ததும் எழுந்தார். எனக்கு எங்கிருந்து வந்ததோ அவ்வளவு ஆத்திரமும்.

"ஆச்சுன்னீங்களேண்ணே. ஆச்சுன்னுதானே சொன்னீங்க."

"ஆச்சுங்க. ரெண்டு மேட்டு ஆச்சு. காஞ்ச பெறகு மீதி ரெண்டு திங்கக்கிழம போட்டுக்கலாம்னு..." என்று இழுத்தார். கண் கலங்கிப்போயிருந்தது. பிறகு, குற்றம் சொல்கிற குரலே இல்லாமல், உண்மையிலேயே புரியாமல் கேட்டார்: "நீங்கதான் எப்பவும் கை வச்சுப் பாத்துட்டு அனுப்புவீங்களேங்க?"

நான் ஆஸ்பத்திரிக்குள் போய்விட்டேன்.

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் நாலு மணிக்கு அவர்கள் ஊர்ப் பஞ்சாயத்து, மீன் ஏலக்கூடத்தில் கூடியது. கடலோர ஊரில் இப்படி ஒன்று நடந்தால் போலீசுக்கு முன்னால் பஞ்சாயத்துதான். முதலாளி வரவில்லை. "நீ போய்ப் பேசும்மா, நான் போனில் இருக்கேன்" என்றுவிட்டார். எனக்கு மட்டும் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி போட்டார்கள். அண்ணன் நடுவில் தரையில் நின்றார், சொந்த ஊர், சொந்த ஜனம், எல்லோரும் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். படகுக்காரர் நடந்ததை நடந்தபடி சொன்னார். இந்தம்மா எடுத்துக்கிட்டுப் போங்கன்னாங்க, எடுத்துக்கிட்டு வந்தோம், அவ்வளவுதான் என்றார். கூட்டம் என் பக்கம் திரும்பியது. கை வைத்துப் பார்த்தாயா என்று கேட்டால் என்ன சொல்வது என்றுதான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

அதற்குள் அண்ணன் பேசிவிட்டார்.

"அவங்கள ஒண்ணும் கேக்காதீங்க. அவங்க என்கிட்ட கேட்டாங்க. நாலு மேட்டும் போட்டீங்களா, கை வச்சுப் பாத்தீங்களா, காஞ்சிருச்சான்னு ரெண்டு தடவ கேட்டாங்க. காதுகுத்துக்கு நேரமாச்சுன்னு நாந்தான் எல்லாம் காஞ்சிருச்சுன்னு பொய் சொல்லிட்டேன். அத நம்பித்தான் அனுப்பினாங்க."

நான் அப்படியொன்றும் கேட்கவில்லை. ஒரே ஒரு வார்த்தை கேட்டேன், அவரும் ஒரே ஒரு வார்த்தை சொன்னார். இத்தனை தெளிவாக, முன்னும் பின்னும் இடிக்காமல் அவர் ஒரு விஷயத்தைச் சொல்லி நான் கேட்டதே இல்லை. பஞ்சாயத்தில் பெரியவராக இருந்தவர் என்னைப் பார்த்தார்.

"அப்படியாம்மா?"

எட்டுப் பேரை வேலை வாங்குகிறவள், டிப்ளமா படித்தவள், ஒட்டின இடத்தை நகத்தால் சுரண்டிப் பார்க்காமல் விடாதவள். இல்லீங்க என்று சொல்ல எனக்கு எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்?

"ஆமாங்க" என்றேன்.

படகையும் இன்ஜினையும் யார்டு சரிசெய்து தர வேண்டும் என்று முடிவானது. அண்ணன் இனிமேல் அந்த ஊர்ப் படகு எதிலும் கை வைக்கக்கூடாது என்றும் முடிவானது. அவர் தலையை ஆட்டி ஒத்துக்கொண்டார். வெளியே வந்து முதலாளிக்குப் போன் செய்து சொன்னேன். "பொய் வேற சொன்னானா? சரி, அப்ப நிறுத்திடு. நீதான் ரெண்டு வருஷமா சொல்லிக்கிட்டிருந்தியே" என்றார். மோல்டைப் பற்றி அவர் அன்று பேசவில்லை. அண்ணன் என்னிடம் பொய் எதுவும் சொல்லவில்லை என்று நானும் சொல்லவில்லை.

ஸ்கூட்டியைக் கிளப்பப் போகும்போது அண்ணன் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தார். அழுத முகம், ஆனால் ஏதோ சுமையை இறக்கி வைத்தவர் போலத்தான் இருந்தார். என்னைக் காப்பாற்றியதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அவர் அதை அப்படி நினைத்த மாதிரியே தெரியவில்லை.

"நாளைக்கு நான் எப்பங்க வரட்டும்? படகுலதானே கை வக்கக்கூடாதுன்னாங்க. கூட்டிப் பெருக்குறது, தண்ணி புடிச்சு வக்கிறதெல்லாம் செய்யலாமுங்களே."

வர வேண்டாம் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"நான் போன் பண்றேன்ணே" என்றேன்.

அவரிடம் போன் கிடையாது. அவர் வீட்டிலும் இல்லை, பக்கத்து வீட்டிலும் இல்லை. யாராவது நம்பர் கேட்டால் யார்டு நம்பரைத்தான் இத்தனை வருஷமும் அவர் கொடுத்துவந்தார். அது எனக்குத் தெரியும் என்பதும் அவருக்குத் தெரியும்.

"சரிங்க" என்றார். நான் போகட்டும் என்று சைக்கிளை ஓரமாக ஒதுக்கி வழி விட்டார்.